ரேஷன் கடைக்கு அடியில் ஒரு நீர்மட்டம்

நெய்வேலியில் பழுப்பு நிலக்கரியைத் தொடுவதற்கு முன் தண்ணீரைத் தொட வேண்டும். நிலக்கரிப் படுகைக்குக் கீழே பெரிய நிலத்தடி நீர்த்தேக்கம் இருக்கிறது. அந்த நீர் ஒவ்வொரு சதுர சென்டிமீட்டரிலும் 6 முதல் 8 கிலோ எடைக்குச் சமமான விசையோடு மேல்நோக்கி உந்திக்கொண்டே இருக்கிறது. உங்கள் கட்டைவிரல் நகத்தைப் பாருங்கள். ஏறக்குறைய அவ்வளவு இடத்தின் மேல் ஏழு கிலோ அரிசிப் பையை நிறுத்தினால் என்ன அழுத்தமோ, அதே அழுத்தம் அங்கே கீழிருந்து மேலே வருகிறது. மேல்மண் இருக்கும்வரை அதன் பாரம் நீரை அடக்கி வைத்திருக்கும். மண்ணை அள்ளிவிட்டால் அடக்க எதுவும் இல்லை. நீர் படுகையைப் பிளந்து வந்து சுரங்கத்தை மூழ்கடித்துவிடும். அதனால் ஆழ்துளைக் கிணறுகள் அமைத்து, இரவு பகலாக நீரை இறைத்து, முதலில் அழுத்தத்தைக் குறைக்கிறார்கள். அதற்குப் பிறகே ராட்சதச் சக்கர இயந்திரம் கரியைத் தொடுகிறது.

இந்த ஊர் ரேஷன் கடை வரிசையில் நிற்கும்போதெல்லாம் எனக்கு அந்த நீர் நினைவுக்கு வரும். ஒரு நியாய விலைக் கடையின் உரிமத்தை ரத்து செய்வது பார்வைக்கு எளிய வேலை. ஒரு தாள், ஒரு கையெழுத்து, ஒரு முத்திரை. ஆனால் அந்தத் தாளுக்கு அடியிலும் கண்ணுக்குத் தெரியாத ஓர் அழுத்தம் இருக்கிறது. அதை முதலில் இறக்காமல் கையெழுத்துப் போட்டால், அந்த உத்தரவு உயர் நீதிமன்றத்தில் உடைந்துபோகிறது. அது எப்படி நடக்கிறது என்பதைக் கடையின் தராசிலிருந்தே பார்க்கத் தொடங்கலாம்.

மாதத்தின் தொடக்கத்தில் கடை திறந்ததும் பைகள் வரிசை கட்டும். குடும்ப அட்டையை நீட்டி, கருவியில் விரலை வைத்தால், சில நொடிகளில் ரசீது வெளியே வரும். உள்ளே மின்னணுத் தராசில் அரிசி விழும். சர்க்கரை கிலோ 25 ரூபாய், துவரம் பருப்பு 30 ரூபாய், பாமாயில் பாக்கெட் 25 ரூபாய், அரிசி இலவசம். ஐந்து நிமிடத்தில் முடிந்துபோகும் இந்தக் காரியத்துக்குப் பின்னால் இருக்கும் கணக்கைக் கொஞ்சம் பெருக்கிப் பார்ப்போம்.

தமிழ்நாட்டில் 34 ஆயிரத்துக்கும் மேற்பட்ட நியாய விலைக் கடைகள். குடும்ப அட்டைகள் இரண்டு கோடியே இருபது லட்சம் அளவில். வகுத்தால் ஒரு கடைக்குச் சராசரியாக 640 அட்டைகள் வரும். அட்டைக்கு 20 கிலோ அரிசி என்று வைத்துக்கொண்டால், மாதத்துக்கு 12,800 கிலோ. ஐம்பது கிலோ மூட்டையாக அது 256 மூட்டை. ஒரு சின்ன அறைக்குள், ஒருவரோ இருவரோ, மாதம் தவறாமல் இத்தனை மூட்டைகளை வாங்கி, பிரித்து, கிலோ கிலோவாக நிறுத்துக் கொடுக்கிறார்கள்.

இப்போது ஒரு சிறு பிழையை உள்ளே விடுவோம். கிடங்கிலிருந்து வரும் ஒவ்வொரு மூட்டையும் ஒரு கிலோ குறைவாக வருகிறது என்று கொள்வோம். சாக்கின் எடை, வழியில் சிந்தியது, ஈரம் உலர்ந்தது என்று காரணம் எதுவாகவும் இருக்கலாம். 256 மூட்டைக்கு 256 கிலோ குறையும். பதின்மூன்று குடும்பங்களின் ஒரு மாத அரிசி அது. மூட்டை எடை குறைகிறது என்பது தமிழகக் கடை ஊழியர்களின் பழைய முறையீடு. சோதனைக்கு வரும் அலுவலர் இருப்புப் பதிவேட்டைப் பார்க்கிறார், தரையில் உள்ள மூட்டைகளை எண்ணுகிறார், நிறுத்துப் பார்க்கிறார். பதிவேடு ஒன்று சொல்கிறது, தராசு வேறொன்று சொல்கிறது. அந்த 256 கிலோவை விற்பனையாளர் வெளியே விற்றுவிட்டாரா, அல்லது அது கடைக்கு வந்து சேரவே இல்லையா? தராசுக்குத் தெரிந்தது எடை மட்டும்தான். அரிசி எந்த வழியில் போனது என்று அதனால் சொல்ல முடியாது. அதைச் சொல்லக்கூடிய முதல் ஆள், குற்றம் சாட்டப்பட்டவரே. ‘விற்பவரிடம் கேட்டுவிட்டு முடிவு செய்’ என்று சட்டம் பிடிவாதம் பிடிப்பதன் வேர் இங்கேதான் இருக்கிறது.

கடை யாருடையது என்பது அடுத்த வியப்பு. இந்தியா முழுவதும் ஐந்து லட்சத்துக்கும் மேற்பட்ட நியாய விலைக் கடைகள் உள்ளன. உத்தரப் பிரதேசம் போன்ற வட மாநிலங்களில் பெரும்பாலும் தனி ஆட்கள் அரசிடம் உரிமம் பெற்று நடத்துகிறார்கள். விற்கும் தானியத்துக்கு அவர்களுக்குக் கமிஷன் உண்டு. 1955ஆம் ஆண்டின் அத்தியாவசியப் பொருள்கள் சட்டமும், அதன் கீழ் 2015இல் வந்த பொது விநியோகக் கட்டுப்பாட்டு ஆணையும்தான் அந்த உரிமத்தின் அடித்தளம். தமிழ்நாடு வேறு பாதையில் போனது. இங்கே பெரும்பாலான கடைகளைக் கூட்டுறவுச் சங்கங்கள் நடத்துகின்றன. ஒரு பகுதியை, 1972இல் தொடங்கிய தமிழ்நாடு நுகர்பொருள் வாணிபக் கழகம் நடத்துகிறது. தராசுக்குப் பின்னால் நிற்பவர் சம்பளம் வாங்கும் ஊழியர். ஆகவே அங்கே ‘உரிமம் ரத்து’ என்று போகும் வழக்கு, இங்கே ‘பணியிடை நீக்கம்’, ‘பணிநீக்கம்’ என்ற பெயரில் போகிறது. பெயர்தான் வேறு, அடியில் இருக்கும் நீர் ஒன்று.

தனியார் கையில் இருந்த கடைகளைக் கூட்டுறவுக்கு மாற்றலாமா என்ற கேள்வியே ஒருமுறை உச்ச நீதிமன்றம் வரை போயிருக்கிறது. அப்போது மத்தியப் பிரதேசத்தில் இருந்த, இன்று சத்தீஸ்கரில் உள்ள பெமேத்ரா தாலுகாவைச் சேர்ந்த மலிவு விலைத் தானிய விற்பனையாளர் சங்கம் தொடுத்த வழக்கு அது. கடைகளை நடத்தும் வாய்ப்பைக் கூட்டுறவுச் சங்கங்களுக்கு முன்னுரிமை கொடுத்து வழங்க மாநில அரசு 1981இல் திட்டம் கொண்டுவந்தது. எங்கள் தொழில் உரிமை போயிற்று, சமத்துவம் போயிற்று என்றார்கள் வியாபாரிகள். நீதிபதி ஓ. சின்னப்ப ரெட்டி அதை ஏற்கவில்லை. தானிய வியாபாரம் செய்ய உங்களுக்கு உரிமை உண்டு, யாரும் தடுக்கவில்லை. ஆனால் அரசின் மலிவு விலைத் தானியத்தை விற்கும் முகவராக என்னைத்தான் நியமிக்க வேண்டும் என்று கேட்கும் உரிமை எவருக்கும் கிடையாது. தீர்ப்பின் சாரம் இதுதான். நியாய விலைக் கடை உரிமம் யாருடைய சொத்தும் அல்ல.

அப்படியானால் எப்போது வேண்டுமானாலும் பறித்துவிடலாமே என்று தோன்றும். இந்த இடத்தில்தான் சட்டத்தின் நுட்பம் என்னை அசத்துகிறது. அதே சின்னப்ப ரெட்டி, அதற்கு முந்தைய ஆண்டு, 1980இல், எஸ்.எல். கபூர் எதிர் ஜக்மோகன் என்ற வழக்கில் எழுதிய தீர்ப்பு ஒன்று உண்டு. புது தில்லி நகராட்சிக் குழுவை, அதன் தரப்பைக் கேட்காமலே அரசு கலைத்துவிட்டது. கேட்டிருந்தாலும் முடிவு மாறியிருக்காது, அதனால் நட்டம் ஒன்றுமில்லை என்பது வாதம். நீதிபதி அதை மறுத்தார். கேட்காமல் விட்டதே ஒரு நட்டம், அதற்கு மேல் தனியாக வேறு நட்டத்தைக் காட்டத் தேவையில்லை என்றார். இந்த இரண்டு தீர்ப்புகளையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் படித்தால் முழுப் படமும் கிடைக்கிறது. கடை உன்னுடையது அல்ல. ஆனால் உன்னைக் கேட்காமல் அதை எடுக்க முடியாது. பொருள்மீது உரிமை இல்லாதவருக்கும் பதில் சொல்லும் உரிமை உண்டு. இதற்குச் சட்டத்தில் ‘இயற்கை நீதி’ என்று பெயர். எந்தச் சட்டப் புத்தகத்தில் எழுதாவிட்டாலும், யாரையும் தண்டிக்குமுன் அவர் பேச்சைக் கேட்க வேண்டும் என்ற விதி.

இங்கிலாந்துச் சட்ட மாணவர்கள் இதைப் படிக்கும்போது 1723ஆம் ஆண்டின் பெண்ட்லி வழக்குக்குப் போவார்கள். கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழகம் ஒரு பேரறிஞரின் பட்டங்களை, அவரைக் கேட்காமலே பறித்தது. ஏதேன் தோட்டத்தில் கடவுள்கூட ஆதாமைக் கூப்பிட்டு விசாரித்த பிறகே தீர்ப்பு சொன்னார் என்று நீதிபதி ஒருவர் எடுத்துக்காட்டினார். நமக்கு அவ்வளவு தூரம் போகத் தேவையில்லை. சிலப்பதிகாரம் இருக்கிறது. பாண்டிய மன்னனிடம் ஒரு புகார் வந்தது. புகார் சொன்னவன் பொற்கொல்லன். பொருள் கையில் இருந்தது. மன்னன் செய்யாமல் விட்டது ஒன்றே ஒன்று: கோவலனை அழைத்து, இந்தச் சிலம்பு உனக்கு எப்படி வந்தது என்று கேட்கவில்லை. பிறகு கண்ணகி வந்து, கோவலனிடமிருந்து பறித்த சிலம்பை உடைத்து, உள்ளே இருப்பது மாணிக்கம், அரசியின் சிலம்பில் இருப்பதுபோல முத்து அல்ல என்று காட்டினாள். வழக்கு அவளுக்குச் சாதகமாக முடிந்தது. ஆனால் கோவலன் இல்லை. ‘முடிவுக்குப் பிந்தைய விசாரணை’ என்று இன்றைய சட்டம் சொல்வது இதைத்தான். சில நேரங்களில் அது போதும், பல நேரங்களில் அது காலம் கடந்தது. நெய்வேலி நகரியத்தின் நடராஜர் கோயிலில், பக்தர்கள் தம் குறையைத் தாளில் எழுதிப் பெட்டியில் போட்டுவிட்டு ஆராய்ச்சி மணியை அடிக்கும் வழக்கம் உண்டு. கேட்கப்பட வேண்டும் என்ற ஆசை மனிதருக்கு எவ்வளவு ஆழமானது என்பதை அந்த மணியின் நாவு சொல்லும்.

சட்டம் அழுத்தத்தை இறைக்கும் முதல் ஆழ்துளைக் கிணறு, விளக்கம் கேட்கும் நோட்டீஸ். ‘ஏன் உன் உரிமத்தை ரத்து செய்யக் கூடாது?’ என்று கேட்கும் கடிதம். ஒரு பக்கத் தாள்தான். அதற்குள் இருக்க வேண்டியவற்றைப் பட்டியல் போட்டால் மலைப்பாக இருக்கும். எந்தத் தேதியில் நடந்த சோதனை, எந்தப் பொருள் எத்தனை கிலோ குறைந்தது, எந்த விதி மீறப்பட்டது, எந்த ஆவணத்தை நம்பி இந்தக் குற்றச்சாட்டு, என்ன தண்டனை உத்தேசம் என்று எல்லாம் இருக்க வேண்டும். ‘முறைகேடு செய்தீர்’ என்று மொத்தமாக எழுதினால் எதற்குப் பதில் சொல்வது? வட மாநில வழக்குகளில் அடிக்கடி தலைகாட்டும் குறை இன்னொன்று. அலுவலர் ஊருக்குள் போய் அட்டைதாரர்களிடம் வாக்குமூலம் வாங்குவார். அதை நம்பி உரிமத்தை ரத்து செய்வார். ஆனால் வாக்குமூலத்தின் நகலைக் கடைக்காரருக்குக் கொடுத்திருக்க மாட்டார். பார்க்காத ஆவணத்துக்கு எவராலும் பதில் சொல்ல முடியாது.

நோட்டீஸின் தொனிக்கும் சட்டம் காது கொடுக்கிறது என்பது எனக்குப் பிடித்த பகுதி. ஒரிக்ஸ் ஃபிஷரீஸ் என்ற கடல் உணவு ஏற்றுமதி நிறுவனத்தின் பதிவுச் சான்றிதழ் ரத்தான வழக்கு 2010இல் உச்ச நீதிமன்றத்தில் வந்தது. அனுப்பிய நோட்டீஸிலேயே குற்றம் நிரூபணமாகிவிட்டது போல எழுதியிருந்தார்கள். கேள்வி கேட்கும் கடிதம் தீர்ப்புச் சொல்லும் குரலில் பேசினால், பிறகு வரும் விசாரணை வெறும் சடங்கு என்றது நீதிமன்றம். ‘செய்ததாகத் தெரிகிறது’ என்பதற்கும் ‘செய்திருக்கிறீர்’ என்பதற்கும் இடையில் தமிழில் சில எழுத்துகள்தான் வித்தியாசம். ஒரு வழக்கின் தலைவிதி அந்தச் சில எழுத்துகளில் தொங்கலாம்.

இரண்டாவது கிணறு, உத்தரவில் கையெழுத்துப் போடும் விரல். அதிகாரம் யாருக்குச் சட்டம் கொடுத்ததோ அவரே யோசித்து முடிவெடுக்க வேண்டும். இந்தியாவில் இதற்கு முன்னோடியான வழக்கும் ரத்தான ஓர் அனுமதியைப் பற்றியதுதான். பம்பாய் அந்தேரியில் சினிமா கொட்டகை கட்ட கோர்தன்தாஸ் பான்ஜி என்பவருக்குக் காவல் ஆணையர் 1947இல் அனுமதி கொடுத்தார். சில மாதங்களில் அரசு சொன்னதாக எழுதி அதை ரத்து செய்தார். ரத்து செய்யும் அதிகாரம் ஆணையருக்குத்தான் இருந்தது. அவரோ, தானாக முடிவெடுக்காமல் மேலிடத்துச் செய்தியைக் கடத்திவிட்டார். அது செல்லாது என்று நீதிபதி விவியன் போஸ் தீர்ப்பெழுதினார். மாவட்ட அலுவலரிடமிருந்தோ வேறு செல்வாக்கான இடத்திலிருந்தோ வந்த தொலைபேசிக்குக் கட்டுப்பட்டு ரேஷன் கடை உத்தரவில் கையெழுத்திட்டால், அந்தக் கையெழுத்துக்கும் இதே கதிதான்.

அதே தீர்ப்பில் இன்னொரு விதியும் பிறந்தது. உத்தரவில் எழுதிய காரணத்தைக் கொண்டுதான் உத்தரவு நிற்க வேண்டும். வழக்கு வந்த பிறகு, ‘நான் மனத்தில் நினைத்த காரணம் வேறு’ என்று பிரமாணப் பத்திரத்தில் சேர்க்க முடியாது. 1977 பெரோஸ்பூர் தேர்தல் ரத்தான வழக்கில் நீதிபதி வி.ஆர். கிருஷ்ணய்யர் இதை உறுதிப்படுத்தினார். பழைய ஒயினைப் போல அரசாணை நாளாக நாளாகத் தரம் கூடாது என்பது அவர் கருத்து. நம் ஊர்க் கணக்கில் சொன்னால், அடுப்பிலிருந்து இறக்கிய பிறகு குழம்பில் உப்புப் போட முடியாது. ரத்து உத்தரவு எழுதும் அலுவலர் ஒருவர் இந்த ஒரு விதியை மட்டும் மனத்தில் வைத்திருந்தாலே போதும். அவர் உத்தரவுகளில் பாதி நீதிமன்றப் படியைத் தாண்டிவிடும் என்று நினைக்கிறேன்.

ஒரு நியாயமான சந்தேகம் எழும். கடைக்காரர் உண்மையிலேயே அரிசியைக் கடத்துகிறார் என்றால், நோட்டீஸ், பதில், விசாரணை என்று மாதங்கள் ஓடும்வரை அவர் தொடர்ந்து கடத்தட்டுமா? சட்டம் அதற்கும் வழி வைத்திருக்கிறது. தற்காலிக நிறுத்தம் வேறு, ரத்து வேறு. நிறுத்தம் என்பது கதவைச் சாத்திவைத்து விசாரிப்பது. அதை உடனே செய்யலாம். ரத்து என்பது கதவையே கழற்றுவது. அதற்குத்தான் முழு விசாரணை வேண்டும். தமிழ்நாட்டில் ஊழியருக்கு இது பணியிடை நீக்கம். அந்தக் காலத்தில் அடுப்பு எரிய வேண்டுமே என்று, 1981ஆம் ஆண்டின் பிழைப்பூதியச் சட்டம் அழகான ஒரு படிக்கட்டைக் கட்டியிருக்கிறது. முதல் 90 நாட்களுக்கு ஊதியத்தில் பாதி. அடுத்த 90 நாட்களுக்கு முக்கால் பங்கு. 180 நாட்களைத் தாண்டினால் முழு ஊதியம். விசாரணையை இழுக்க இழுக்க நிர்வாகத்தின் செலவு ஏறும். ‘சீக்கிரம் முடி’ என்று எங்கும் எழுதாமலே முடிக்க வைக்கும் ஏற்பாடு இது.

ரத்து உத்தரவு வந்தேவிட்டது என்று வைத்துக்கொள்வோம். நேரே உயர் நீதிமன்றம் போகலாமா? பொதுவாக, முதலில் மேல்முறையீடு. 2015 ஆணையின்படி 30 நாட்களுக்குள் மேல்முறையீட்டு அலுவலரிடம் போக வேண்டும். அங்கேயும் மனுதாரரைக் கேட்காமல் முடிவெடுக்கக் கூடாது. தமிழகக் கூட்டுறவுக் கடை ஊழியர் என்றால், 1983ஆம் ஆண்டின் தமிழ்நாடு கூட்டுறவுச் சங்கங்கள் சட்டத்தின் 153ஆவது பிரிவில் சீராய்வு மனு உண்டு. ஊழியர் நேரடியாக ரிட் மனு, அதாவது நீதிப்பேராணை கேட்கும் மனு போடலாமா என்பதைத் தீர்க்கச் சென்னை உயர் நீதிமன்றம் ஐந்து நீதிபதிகளை உட்கார வைத்தது. 2006ஆம் ஆண்டின் மாரப்பன் வழக்கு அது. கூட்டுறவுச் சங்கம் அரசின் அங்கம் என்று எடுத்த எடுப்பில் கொள்ள முடியாது. ஆனால் அது ஒரு பொதுக் கடமையை மீறினாலோ, சட்டம் விதித்த கட்டாயத்தை மீறினாலோ நீதிமன்றக் கதவு திறக்கும் என்று முடிவானது. ரேஷன் தராசு தனியார் தராசா, பொதுத் தராசா என்ற கேள்விக்கு இதைவிடக் கவனமான பதில் எனக்குத் தெரியவில்லை.

கதவு திறந்து உள்ளே போனவர் கேட்கும் பரிகாரத்துக்குச் சென்னை வழக்கறிஞர்கள் அன்றாடம் புழங்கும் ஒரு நீளமான பெயர் உண்டு: செர்ஷியோரரிஃபைட் மாண்டமஸ். இரண்டு பேராணைகள் ஒட்டிப் பிறந்தது. முதல் பாதி, கீழ் அலுவலகத்தின் கோப்பை மேலே வரவழைத்துப் பார்த்துத் தவறான உத்தரவை அடித்துவிடும். இரண்டாம் பாதி, செய்ய வேண்டியதைச் செய் என்று அதே அலுவலகத்துக்குக் கட்டளையிடும். கோப்பு மேலே போகிறது, கட்டளை கீழே வருகிறது. எத்தனை மூட்டை குறைந்தது என்று நீதிபதி மறுபடி நிறுத்துப் பார்ப்பதில்லை. முடிவு சரியா என்பதைவிட, முடிவுக்கு வந்த பாதை சரியா என்றுதான் பார்க்கிறார்.

இதனால் ஒரு விசித்திரம் நேர்கிறது. கடைக்காரர் ‘ஜெயித்தேன்’ என்று வெளியே வருவார். தீர்ப்பின் கடைசிப் பத்தியைப் படித்தால், புதிதாக நோட்டீஸ் கொடுத்து, ஆவணங்களின் நகல் கொடுத்து, நேரில் கேட்டு மறுபடி முடிவெடுங்கள் என்று அலுவலகத்துக்கே கோப்பு திரும்பியிருக்கும். குற்றமற்றவர் என்று யாரும் சொல்லவில்லை. சரியாகக் கேட்கவில்லை என்பது மட்டுமே தீர்ப்பு. அவசரமாக எழுதிய ஒரு பக்க உத்தரவால் ஒரு திருடர்கூட ஆண்டுக்கணக்கில் தப்பிக்கலாம். இயற்கை நீதியைத் தலைவலியாக நினைக்கும் அலுவலர்களுக்கு நான் சொல்வது இதுதான்: நிரபராதியைக் காக்கும் அதே விதிதான் குற்றவாளிமீது நீங்கள் எடுத்த நடவடிக்கையையும் காக்கிறது. நீரை இறைத்த சுரங்கத்தில்தான் கரி வெட்ட முடியும்.

இதற்கிடையில் மூன்றாவது ஆள் ஒருவர் காட்சிக்குள் வருவார். பழைய கடைக்காரரின் உரிமம் ரத்தானதும் அந்த இடத்துக்கு நியமிக்கப்பட்டவர். அவர் ஒரு தவறும் செய்யவில்லை. முறைப்படி விண்ணப்பித்தார், கடை கிடைத்தது, தராசு வாங்கினார். ஒருநாள் பழையவரின் மேல்முறையீடு வெல்கிறது, புதியவரின் கடை போகிறது. தன்னை ஒரு வார்த்தை கேட்கவில்லையே என்று இவரும் இயற்கை நீதியின் கதவைத் தட்டுகிறார். உத்தரப் பிரதேசத்தின் பூனம் வழக்கில் 2015இல் உச்ச நீதிமன்றம், அடுத்து வந்தவருக்குத் தனித்த உரிமை எதுவும் இல்லை, ரத்து பற்றிய வழக்கில் அவரைக் கட்டாயமாகச் சேர்க்கத் தேவையில்லை என்றது. அவர் உரிமை பழையவரின் இழப்பிலிருந்து பிறந்தது. இழப்பே இல்லை என்றானால் உரிமையும் இல்லை. ஆனால் 2022இல் அதே மாநிலத்தின் ராம் குமார் வழக்கில் நீதிமன்றம் இன்னும் உற்றுப் பார்த்தது. தற்காலிக ஏற்பாடாக வந்தவர் வேறு, முறையான ஒதுக்கீடு பெற்று வந்தவர் வேறு. பின்னவரைக் கேட்டாக வேண்டும் என்றது. ஒரே கடை, ஒரே தராசு. அதன் பின்னால் வரிசையாக நிற்கும் ஒவ்வொருவருடைய நியாயத்துக்கும் தனித்தனி எடைக்கல்.

இத்தனை பேரும் நீதிமன்றத்தில் நிற்கும்போது, பையோடு நிற்பவர் எங்கே? 640 அட்டைகளுக்கு உரியவர்கள் எந்த வழக்குத் தலைப்பிலும் பெயராக வருவதில்லை. ஆனால் சட்டத்தின் அடுக்குகளில் மிக உறுதியான உரிமை அவர்களுடையதுதான். 2001இல் மக்கள் சிவில் உரிமைக் கழகம் உணவு உரிமைக்காக உச்ச நீதிமன்றம் போனது. ராஜஸ்தானில் வறட்சி, அரசுக் கிடங்குகளிலோ தானியம் நிரம்பிக் கிடந்தது. அந்த வழக்கில் 2003 மே 2ஆம் தேதி வந்த உத்தரவு, எந்தெந்தத் தவறுக்குக் கடை உரிமம் ரத்தாகும் என்று எழுதியது. மாதம் முழுக்கக் குறித்த காலத்தில் கடையைத் திறக்காதது, ஏழைகளுக்குரிய விலைக்கு மேல் வாங்குவது, அவர்கள் அட்டைகளைத் தானே வைத்துக்கொள்வது, அட்டையில் பொய்ப் பதிவு போடுவது, தானியத்தை வெளிச்சந்தைக்குக் கடத்துவது. இவற்றில் எதுவும் அலுவலகத்தைப் பற்றியதல்ல. எல்லாமே வரிசையில் நிற்பவருக்கு நேர்பவை.

2013ஆம் ஆண்டின் தேசிய உணவுப் பாதுகாப்புச் சட்டம் ஒரு படி மேலே போயிற்று. தமிழ்நாட்டில் அது 2016 நவம்பர் 1 முதல் நடைமுறையில் இருக்கிறது. உரிய தானியம் கிடைக்காவிட்டால், அதற்கு ஈடாக உணவுப் பாதுகாப்புப் படி என்ற பணம் தர வேண்டும் என்கிறது அதன் 8ஆவது பிரிவு. கடைக்காரருக்குக் கடைமீது உரிமை இல்லை, ஆனால் பயனாளிக்குத் தானியத்தின்மீது உரிமை உண்டு. அதனால்தான் 2015 ஆணை, உரிமத்தை நிறுத்தினாலும் ரத்து செய்தாலும் வழங்கல் தடையின்றி நடக்க மாற்று ஏற்பாடு செய்ய வேண்டும் என்றும், ரத்தான இடத்துக்கு ஒரு மாதத்துக்குள் புதிய உரிமம் வழங்க வேண்டும் என்றும் சொல்கிறது. வழக்கு ஆண்டுக்கணக்கில் நடக்கலாம். அரிசி அடுத்த மாதம் வந்தாக வேண்டும். பக்கத்துக் கடையோடு அட்டைகளை இணைப்பது இப்படிப்பட்ட மாற்று ஏற்பாடுதான்.

ரேஷன் கடை வழக்குகளில் எடை மிகுந்த சான்று பெரும்பாலும் அட்டைதாரரின் வாக்குமூலம். உத்தரவு நிற்பதும் விழுவதும் அதில்தான். ஆகவே உங்களிடம் ஒரு வேண்டுகோள். உங்கள் கடையில் விசாரணை என்று ஓர் அலுவலர் வந்தால் ஒதுங்காதீர்கள். வாங்கிய தேதி, வாங்கிய அளவு, கொடுத்த விலை ஆகியவற்றை ரசீதையோ கைபேசிக் குறுஞ்செய்தியையோ பார்த்துச் சொல்லுங்கள். தெரியாததைத் தெரியாது என்று சொல்லுங்கள். அவர் எழுதியதைப் படித்துப் பாருங்கள், படிக்க முடியாவிட்டால் பக்கத்தில் இருப்பவரைப் படித்துக் காட்டச் சொல்லுங்கள். அதற்குப் பிறகு கையெழுத்தோ கைரேகையோ வையுங்கள். புகார் சொல்ல வேண்டியிருந்தால் 1967 என்ற எண்ணை அழைக்கலாம். அழைப்புக்குக் கட்டணம் இல்லை.